குடத்தின் கழுத்தில் தலைகீழாக ஒரு முகம்: ஆடி மாதத்தில் எடுத்த ஏழு நிமிடப் படம்

ஆடி பிறந்துவிட்டால் எங்கள் ஸ்டூடியோவில் கேமராக்களுக்கு ஓய்வு. முகூர்த்தம் கிடையாது. வைகாசியில் எடுத்த கல்யாணங்களின் பாக்கி ஆல்பங்களை முடித்துக்கொடுப்பதும், லென்ஸ்களில் பூஞ்சை பிடிக்காமல் வெயில் காட்டுவதும்தான் வேலை. தென்காசியில் அந்த மாதத்தில் வெயிலும் வராது, சாரல்தான் வரும். அப்படி ஒரு சாரல் நாளில், ஆச்சி வீட்டுத் தார்சாவில், அதாவது தெருவைப் பார்த்த முன்கூடத்தில், உட்கார்ந்து முறுக்கு தின்றுகொண்டிருந்தபோது, சித்தி மகள் சொன்ன ஒரு வார்த்தையிலிருந்து இந்தப் படம் தொடங்கியது.

அவளைச் சின்னவள் என்றே எழுதுகிறேன். வீட்டிலும் அதுதான் பெயர். படிப்பு முடிந்து மூன்றாவது ஆண்டாகக் குரூப் 4 தேர்வுக்குப் படிக்கிறாள். சித்தப்பா கடைக்கும் சித்தி பள்ளிக்கூடத்துக்கும் போய்விட, ஆச்சி மத்தியானம் கண்ணயர்ந்துவிட, அந்தப் பெரிய வீட்டில் விழித்திருப்பது அவள் ஒருத்திதான். “மூன்று மணி ஆனால் வீட்டில் இன்னொருத்தி இருக்கிற மாதிரி இருக்கிறது, அக்கா. பயமாக இல்லை. அவள் என்னைவிட நன்றாக வேலை செய்கிறாளோ என்றுதான் இருக்கிறது” என்றாள்.

கதை அவ்வளவுதான். பேய்க் கதை என்றால் எனக்கு வேண்டாம். தன்னையே பக்கத்து அறையில் பார்க்கிற ஒரு பெண், அந்த இன்னொருத்தி கோலம் போடுகிறாள், தண்ணீர் எடுக்கிறாள், இவள் புத்தகத்தை மூடி வைக்கிறாள். வசனம் இல்லாமல் ஏழு நிமிடம். கையில் இருந்தது ஸ்டூடியோ கேமரா, இரண்டு லென்ஸ், ஒரு ஸ்டாண்டு, ஒரு எல்இடி விளக்கு. அடுத்த ஆண்டு யாராவது இதே வேலையில் இறங்கினால் என் தவறுகளாவது மிச்சமாகட்டும் என்று எழுதி வைக்கிறேன்.

இந்த வகைப் படம் என்றால் எல்லோரும் போய் நிற்கிற இடத்தில்தான் நானும் போய் நின்றேன். மாயா டெரன் 1943-ல் தன் கணவர் அலெக்சாண்டர் ஹமீதுடன் சேர்ந்து லாஸ் ஏஞ்சல்ஸில், தாங்கள் குடியிருந்த வீட்டிலேயே எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’. பதினான்கு நிமிடம், 16 மில்லிமீட்டர் பிலிம், கறுப்பு வெள்ளை, பேச்சே கிடையாது. இன்று நாம் கேட்கிற இசைகூட 1959-ல்தான் சேர்ந்தது. ஒரு பெண் மத்தியானத்தில் உறங்கிப்போகிறாள். சாவி, ரொட்டி வெட்டும் கத்தி, எடுத்து வைத்த தொலைபேசி என்று வீட்டுச் சாமான்களே அவள் மேல் திரும்புகின்றன. அவளே இரண்டாகி, மூன்றாகி ஒரே மேசையைச் சுற்றி உட்கார்கிறாள். நடிகையும் டெரன்தான். பிலிமைப் பாதி மறைத்து ஓட்டி, பின்னால் சுற்றி, மறுபாதியில் பதிகிற வித்தை அந்தக் காலத்துக்கே பழையது. பிரான்சில் மெலியெஸ் 1900-லேயே தன்னை ஏழு பேராக்கி ஒரே மேடையில் உட்காரவைத்து வாத்தியம் வாசிக்கவிட்டிருக்கிறார். மெலியெஸ் அதைக் காட்டினால் கைதட்டத் தோன்றுகிறது. டெரன் காட்டும்போது அடிவயிற்றில் என்னவோ செய்கிறது. அந்த வித்தியாசம் எங்கிருந்து வருகிறது என்பதுதான் எனக்கு வேண்டியிருந்தது.

முதல் நாளே தவறான இடத்தில் கை வைத்தேன். டெரன் படத்தில் கறுப்பு அங்கி போர்த்திய உருவம் ஒன்று வரும். முகம் இருக்கவேண்டிய இடத்தில் கண்ணாடி. அதை நம் வீட்டுக்குக் கொண்டுவரலாம் என்று அக்ரிலிக் கண்ணாடித் தகடு வாங்கி, முட்டை வடிவில் அறுத்து, எலாஸ்டிக் கோத்து, சித்தியின் கறுப்புச் சேலையைத் தலையோடு போர்த்தித் தார்சாவில் சின்னவளை நிறுத்தினேன். பள்ளிக்கூட ஆண்டுவிழா நாடகம்போல் இருந்தது. போதாக்குறைக்குக் கண்ணாடியின் நட்டநடுவே நான், கேமராவோடு. தெருவில் போன பால்காரர் சைக்கிளை நிறுத்தி, “ஆச்சிக்கு ஒன்றுமில்லையே?” என்று கேட்டுவிட்டுப் போனார். தகடு இப்போது பின்கட்டில் தலை சீவிக்கொள்ளப் பயன்படுகிறது.

ஆனால் அன்று சாயங்காலம் அங்கணத்தில் பாத்திரம் கழுவும்போது ஆச்சியின் எவர்சில்வர் குடத்தைக் கவிழ்த்து வைத்த சின்னவள், “அக்கா, இதில் முகம் தெரிகிறதே, இதை எடுங்களேன்” என்றாள். எத்தனையோ ஆயிரம் முறை பார்த்த குடம்தான். அன்றுதான் குனிந்து பார்த்தேன். வயிற்றுப் பகுதி வெளிப்புறம் புடைத்திருப்பதால் முகம் நேராக, சின்னதாக, கன்னம் விரிந்து தெரிகிறது. குடத்தின் கழுத்து மேலும் கீழுமாக உள்வாங்கியிருக்கிறது அல்லவா, அங்கே அதே முகம் தலைகீழாக, விரலகலத்தில், இன்னொன்றாக நிற்கிறது. நீங்கள் நிமிர்ந்தால் கீழே இருப்பது மேலே வரும், கழுத்தில் இருப்பது கீழே இறங்கும். இரண்டும் ஒன்றை ஒன்று நோக்கி நகரும். உங்கள் வீட்டுக் குடத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். நான் அன்றிரவு சரியாக உறங்கவில்லை.

குடத்தை எடுப்பதுதான் இந்தப் படத்திலேயே அதிக நேரம் தின்ற வேலை. புடைத்த பளபளப்பில் அறை முழுவதும் தெரியும்: ஜன்னல், விளக்கு, கேமரா, ஸ்டாண்டு, பின்னால் முறுக்கு தின்கிற ஆச்சி. தண்ணீர் மேலும் கண்ணாடி மேலும் உள்ள பளபளப்பைக் குறைக்கிற போலரைசர் பில்டர் ஒன்றை நண்பரிடம் இரவல் வாங்கி மாட்டினேன். எத்தனை திருகினாலும் ஒன்றும் ஆகவில்லை. உலோகத்திலிருந்து திரும்புகிற வெளிச்சத்துக்கு அந்த பில்டர் கட்டுப்படாது என்பது பிறகுதான் உறைத்தது. கல்லூரியில் படித்ததுதான், பரீட்சைக்குப் படித்தது பரீட்சையோடு போய்விடுகிறது.

தீர்வு தூரத்தில் இருந்தது. புடைத்த கண்ணாடியில் எந்தப் பொருளும் விலக விலக வேகமாகச் சிறுக்கும். ஒரு மீட்டர் தள்ளிக் கேமரா வைத்தபோது அது குடத்தில் மொச்சைக்கொட்டை அளவுக்குத் தெரிந்தது. அடுக்களையில் குடம், தார்சாவில் கேமரா என்று எட்டு மீட்டர் விலகி, 200 மில்லிமீட்டர் லென்ஸில் குடத்தை அதே அளவுக்கு நெருக்கி எடுத்தபோது அது கடுகாகிவிட்டது. கடுகும் தெரியாமல் இருக்க, லென்ஸ் அளவுக்கு வட்டம் வெட்டிய கறுப்புத் துணியைக் கொடியில் போட்டு அதன் பின்னால் நான் நின்றுகொண்டேன். அடுக்களை ஜன்னலில் டிரேசிங் பேப்பர் ஒட்டி வெளிச்சத்தைப் பரப்பினேன்; ஒட்டாமல் விட்டால் ஜன்னல் கம்பிகள் அவள் நெற்றியில் வரிவரியாக விழுந்தன. முகம் குடத்திலிருந்து ஒரு சாண் தூரத்தில் இருக்கும்போதுதான் கண் இமைப்பது தெரிகிற அளவுக்கு வருகிறது. அதற்கும் மேல் விலகினால் புள்ளி. கிட்டே போனால் மூக்கு மட்டும்.

பழைய குடத்தில் கீறல் அதிகம், எல்லாம் பனிமூட்டம்போல் மங்கலாகத் தெரிகிறது என்று பாத்திரக்கடையில் புதிதாக ஒன்று வாங்கினேன். கடைக்காரர் வழக்கம்போல் “பெயர் வெட்டவா?” என்று கேட்டார், வேண்டாம் என்றேன். லேபிள் பசையைத் தேங்காய் எண்ணெய் போட்டு எடுத்து, விபூதியும் பழைய வேட்டித் துண்டும் வைத்துத் தேய்த்து எடுத்ததில் முகம் துல்லியமாக விழுந்தது. அதுதான் கோளாறு. விளம்பரத்தில் வருகிற முகம்போல் இருந்தது. மறுபடி ஆச்சியின் குடத்தையே எடுத்தேன். அதன் வயிற்றில் ஆச்சியின் பெயர், கல்யாணத் தேதி, எல்லாம் புள்ளி புள்ளியாக வெட்டியிருக்கிறது. சின்னவள் குனிந்தபோது அந்தப் புள்ளி எழுத்துகள் அவள் கன்னத்தின் குறுக்கே வந்து நின்றன. மங்கல் இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும் என்று அதையே வைத்துக்கொண்டேன். புதுக் குடத்தில் இப்போது சித்தி குடிதண்ணீர் பிடிக்கிறாள்.

அடுத்தது, ஒரே சட்டகத்தில் இருவர். பட்டாசலில், அதாவது வீட்டின் நடுக்கூடத்தில், வலது பக்கம் சின்னவள் படிக்கிறாள். இடது பக்கம், தூணுக்கு அந்தப் புறம், அவளே உட்கார்ந்து பூக் கட்டுகிறாள். முறை எளிது. கேமராவை அசையாமல் நிறுத்தி ஒரு முறை இந்தப் பக்கம், ஒரு முறை அந்தப் பக்கம் எடுத்து, கம்ப்யூட்டரில் இரண்டையும் தூணை ஒட்டித் தைத்துவிடவேண்டும். கல்யாண வீட்டுக்காரர்கள் கேட்டால் மாப்பிள்ளையை இரண்டாக்கி நானே கொடுத்திருக்கிறேன். அந்தத் தைரியத்தில் முதல் பாதி எடுத்துவிட்டு, உடை மாற்றி, ஜடை மாற்றி, ஆச்சி கொடுத்த காப்பியும் குடித்துவிட்டு இருபது நிமிடம் கழித்து இரண்டாம் பாதி எடுத்தேன். அன்று அபூர்வமாக வெயில் அடித்தது என்ற சந்தோஷம் வேறு.

தைத்துப் பார்த்தால் மேற்கு ஜன்னல் கம்பியின் நிழல் தூணுக்கு வலப்புறம் ஓர் இடத்திலும் இடப்புறம் இன்னோர் இடத்திலும் கிடந்தது. சூரியன் மணிக்குப் பதினைந்து பாகை நகர்கிறது. இருபது நிமிடத்துக்கு ஐந்து பாகை. ஜன்னலிலிருந்து இரண்டரை மீட்டர் பாய்ந்து தரையில் விழுகிற நிழல் அதற்குள் ஏறக்குறைய ஒரு சாண் விலகிவிடும். கண் அதைச் சொல்லாது. தையல் சொல்லிவிடும். சாரல் நாளென்றால் வேறு தொல்லை: இரண்டு நிமிடத்துக்கு ஒரு மேகம், ஒரு பாதி இருட்டு, மறுபாதி வெளிச்சம். கடைசியில் மேற்கு ஜன்னலைப் போர்வையால் அடைத்துவிட்டு, எல்இடி விளக்கை அதன் முன்னால் உயர்த்திக் கட்டி, டிரேசிங் பேப்பர் வழியாக ஒரு பொய் மத்தியானம் செய்துகொண்டேன். அதற்கு மணி என்றும் மூன்றுதான்.

அத்தோடு முடியவில்லை. முன்பே தெரிந்திருந்தால் இரண்டு நாள் மிச்சமாகியிருக்கும் சங்கதிகள் சில. கேமராவில் தானாக மாறுகிற எதையும் விட்டுவைக்கக் கூடாது: வெளிச்ச அளவு, நிறச் சமநிலை, குவியம் (ஃபோகஸ்) மூன்றும் கையால் வைத்துப் பூட்டவேண்டும். குவியம் நகர்ந்தால் பல லென்ஸ்களில் சட்டகமே துளி சுருங்கி விரியும். அப்போது தூண் இரண்டு தூணாகிவிடும். ஷட்டர் ஒரு நொடியின் ஐம்பதில் ஒரு பங்கில் நின்றால்தான் நம் ஊர் மின்சாரத்துக்கு டியூப்லைட் துடிப்பு படத்தில் வராது. மச்சில் எடுக்கப் பார்த்தேன். மரத்தளம், ஆள் நடந்தால் ஸ்டாண்டும் நடக்கிறது. கீழே பட்டாசலில் சிமெண்ட் தரை, ஸ்டாண்டின் நடுவில் ஐந்து கிலோ அரிசிப் பை கட்டித் தொங்கவிட்ட பிறகுதான் நின்றது. தையல் ஓரத்தில் ஆடுகிற எதுவும் இருக்கக் கூடாது. தூண் ஓரமாக ஒரு வாசல்திரை இருந்தது. ஆடிக்காற்று அதை எந்த முறையும் ஒரே மாதிரி ஆட்டவில்லை. கழற்றி மடித்து வைத்தேன்.

இவ்வளவும் சரியான பிறகும் ஒரு கோளாறு இருந்தது, அதற்குப் பெயர் கண்டுபிடிக்கவே ஒரு நாள் ஆயிற்று. படிக்கிறவள் நிமிர்ந்து பூக் கட்டுகிறவளைப் பார்க்கிறாள். தலை சரியான பக்கம் திரும்புகிறது. ஆனால் அவள் பார்க்கவில்லை. பார்வை காலி இடத்தைத் துளைத்துக்கொண்டு போய்ச் சுவரில் முட்டி நின்றது. எதிரே பத்தடியில் ஆள் இருந்தால் கண்மணி இரண்டும் உள்ளே சற்றுக் கூடும். இருபதடித் தொலைவில் சுவரைப் பார்த்தால் விலகும். பார்க்கிறவருக்குக் காரணம் தெரியாது, ஆனாலும் நம்ப மறுத்துவிடுவார். ஆச்சியைப் பிடித்து அந்த இடத்தில் உட்காரவைத்தேன். ஆச்சியைப் பார்த்தால் சின்னவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது, ஆச்சிக்கும். கடைசியில் ஒட்டடைக் கம்பை நட்டு, அதன் நுனியில் ஒரு ஈர்க்குச்சி, ஈர்க்குச்சி நுனியில் ஒரு ஸ்டிக்கர் பொட்டு. உட்கார்ந்திருக்கிறவளின் நெற்றி எந்த உயரமோ அந்த உயரத்தில் பொட்டு. அவள் அந்தப் பொட்டைப் பார்த்தாள். தைத்த பிறகு பொட்டும் கம்பும் போய்விட்டன, பார்வை மட்டும் மிஞ்சியது. மொத்தப் படத்திலும் என் கைவேலை என்று நான் பெருமைப்படுவது அந்த ஒரு ரூபாய்ப் பொட்டைத்தான்.

நடிப்பைப் பற்றியும் சொல்லவேண்டும். சின்னவள் நடிகை இல்லை. “மனசு சரியில்லாத மாதிரி இரு” என்றால் புருவத்தைச் சுருக்கி, பல்வலிக்காரிபோல் ஆகிவிடுவாள். நெஞ்சில் கை வைப்பாள், பெருமூச்சு விடுவாள். நாம் சீரியலில் பார்த்த எல்லாம் வரும். இரண்டு நாள் அப்படிப் போனது. மூன்றாம் நாள் எரிச்சலில், “ஒன்றும் செய்யாதே. 347-ஐ எட்டால் பெருக்கு. வாயைத் திறக்காதே” என்றேன். அவள் முகம் அப்படியே உள்ளே போயிற்று. கண் திறந்திருக்கிறது, வீட்டில் ஆள் இல்லை. இருபது நொடி அப்படியே ஓடவிட்டேன். கட் என்றதும், “2,776” என்றாள். அதற்குப் பிறகு காட்சிக்குக் காட்சி கணக்குதான். கஷ்டமான காட்சிக்குக் கூட்டு வட்டி. தேர்வுக்கும் ஆயிற்று என்று சித்தி ஆட்சேபிக்கவில்லை.

வீடு சாய்கிற காட்சி ஒன்று வைத்திருந்தேன். நடையில் சின்னவள் நடந்துவருகிறாள், தரை கப்பல்போல் ஒருபுறம் சாய, அவள் சுவரைப் பிடித்துக்கொள்கிறாள். கேமராவை நான் இடதுபுறம் சாய்க்க, அதே கணம் அவள் வலதுபுறம் சாயவேண்டும். இருவரும் ஒத்துப்போனால் வீடுதான் சாய்கிறது என்று கண் நம்பிவிடும். டெரன் படத்தில் மாடிப்படியில் வருகிற தள்ளாட்டத்துக்கும் அடிப்படை இந்தக் கணக்குதான். கைவிரல் சொடுக்கி எண்ணி, பத்தாவது தடவை ஒத்துவந்தது. ஆனாலும் பொய் தெரிந்தது. திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்ததில், பின்னால் கொடியில் காய்ந்த ஆச்சியின் சேலை கண்ணில் பட்டது. வீடு சாய்ந்தால் சேலை சாயாது. அது பூமியை நோக்கித்தான் தொங்கும். என் படத்தில் சேலை வீட்டோடு சேர்ந்து சமர்த்தாகச் சாய்ந்துகொண்டிருந்தது. தொங்குகிற ஒவ்வொன்றும் சாட்சி: கொடித் துணி, விளக்கு வயர், காலண்டர், அவளுடைய ஜடை. துணியையும் காலண்டரையும் எடுத்துவிட்டேன், வயரைச் சுவரோடு டேப் ஒட்டினேன், ஜடையைக் கொண்டையாக்கினேன். சாய்ந்தது. பிறகு படத்தொகுப்பில் அந்தக் காட்சியைத் தூக்கியும் விட்டேன். நன்றாக வந்ததுதான் காரணம். அது வந்தவுடன் எல்லோரும் “எப்படி எடுத்தாய்?” என்று கேட்டார்கள். கேட்ட மாத்திரத்தில் சின்னவளை மறந்துவிட்டார்கள்.

கோலம் தானே அழிகிற காட்சி படத்தில் இருக்கிறது. பின்னோக்கி ஓட்டியதுதான், வேறு மாயம் இல்லை. டெரனே 1944-ல் எடுத்த அடுத்த படத்தில் கடலலைகளைப் பின்னோக்கி உருட்டியிருக்கிறார். நம் ஊரில் அலைக்குப் பதில் மாவு. பச்சரிசி மாவில் போட்டபோது ஆடிக்காற்று கோலத்தை எதிர்வீட்டு வாசலுக்குக் கொண்டுபோய்விட்டது. கடையில் விற்கிற வெள்ளைக்கல் பொடி கனமானது, நின்றது. சின்னவள் வாசலில் குந்தி ஏழு புள்ளிக் கோலம் முழுவதையும் போட்டுமுடித்து, எழுந்து, முதுகு காட்டாமல் பின்னாலேயே நடந்து வீட்டுக்குள் போகவேண்டும். தலைகீழாக ஓட்டினால் அவள் வீட்டிலிருந்து வெளியே வருகிறாள், குந்துகிறாள், கையை நீட்டுகிறாள், கோடுகள் பொடியாக எழும்பி விரலிடுக்குக்குள் புகுந்துகொள்கின்றன, வாசல் வெறுமையாகிறது.

இதில் நான் எதிர்பாராதது சேலை. துணி எப்போதும் ஆளுக்குப் பின்னால் இழுபட்டு வரும். பின்னோக்கி ஓட்டும்போது முந்தானையும் கொசுவமும் அவளுக்கு ஒரு நொடி முன்னால் போகின்றன, கால் பிறகு வருகிறது. அவளைச் சேலை கூட்டிக்கொண்டு போவதுபோல் இருந்தது. இதற்கு நான் ஒரு காசுகூடச் செலவழிக்கவில்லை. சட்டகத்தின் ஓரத்தில் ஒரு காகம் பின்னாலேயே நடக்கிறது. முதலில் அதை வெட்டி எறிய நினைத்தேன், பிறகு விட்டுவிட்டேன். பார்த்தவர்களில் இரண்டு பேர்தான் கவனித்தார்கள். அந்த இருவருக்கும் படம் பிடித்திருந்தது.

ஆடித்தபசுக்கு வீட்டார் எல்லோரும் சங்கரன்கோவில் போன அன்று வீடு எங்களுக்கே கிடைத்தது. அன்றைக்குச் சத்தம் பதிந்தேன். ஆள் இல்லாத வீட்டின் சத்தத்தை ஒவ்வோர் அறையிலும் ஒரு நிமிடம் பதிந்து வைத்துக்கொள்வது நல்லது. பட்டாசலின் மௌனம் வேறு, அடுக்களையின் மௌனம் வேறு; ஒன்றை வெட்டி மற்றதோடு ஒட்டினால் காது தடுக்கும். உள்ளுக்குள் இருக்கிற அலைச்சலுக்கு ஒரு சத்தம் வேண்டுமென்று கிரைண்டர் ஓடுவதைப் பதிந்து பாதி வேகத்தில் ஓட்டினேன். பாதி வேகமென்றால் சுருதி ஒரு ஸ்தாயி இறங்கும். ஸ்டூடியோ ஸ்பீக்கரில் கேட்டபோது மார்புக்கூடு அதிர்ந்தது, எனக்கே வியர்த்தது. செல்போனில் போட்டுப் பார்த்தேன், ஒன்றுமே கேட்கவில்லை. அவ்வளவு அடியில் உள்ள ஒலியை அந்தப் பொட்டு ஸ்பீக்கரால் எழுப்ப முடியாது. பார்க்கப்போகிறவர்களில் பெரும்பாலோர் செல்போனில்தான் பார்ப்பார்கள். மூன்று நாள் வேலை போயிற்று.

அதற்குப் பதிலாகக் கிணற்றுக் கப்பி கிடைத்தது. கயிறு இழுக்கும்போது அது போடுகிற கிரீச்சைப் பதிந்து பாதி வேகமாக்கியதும், யாரோ தூரத்தில் ஒரு பெயரைச் சொல்லி அழைத்துப் பாதியில் நிறுத்துவதுபோல் கேட்டது. செல்போனிலும் கேட்டது. அதைப் படம் முழுவதிலும் நான்கே இடத்தில் வைத்தேன். முதலில் பதினொரு இடத்தில் வைத்திருந்தேன். கப்பியைப் பற்றிய படமாகிவிட்டது.

தொகுப்பைப் பற்றி அதிகம் சொல்ல இல்லை. முதல் வெட்டு பன்னிரண்டு நிமிடம் வந்தது. காட்சிக்கு முன்னும் பின்னும் நான் விட்டிருந்த மூச்சை எல்லாம் எடுத்ததும் ஒன்பது. வீடு சாய்வதையும் இன்னொரு கெட்டிக்காரக் காட்சியையும் எடுத்ததும் ஏழே முக்கால். இசை எதுவும் போடவில்லை. படத்தில் மேசைமேல் ஓர் எவர்சில்வர் டம்ளர் இருக்கிறது. ஒவ்வொரு முறை அந்த மேசையைக் காட்டும்போதும் அது நான்கு விரற்கடை இடம் மாறியிருக்கும், யாரும் அதைத் தொடுவதைக் காட்டமாட்டேன். இத்தனை தையலும் சாய்வும் பின்னோட்டமும் செய்ததில், பார்த்தவர்கள் நிமிர்ந்து உட்கார்ந்த இடம் அந்த டம்ளர் இடம் மாறியதைக் கண்டுகொண்ட இடம்தான்.

செலவுக் கணக்கு: அக்ரிலிக் தகடு, புதுக் குடம், டிரேசிங் பேப்பர், கோலப்பொடி, டேப், பொட்டு எல்லாம் சேர்த்து 2,340 ரூபாய். இதில் பாதிக்கு மேல் படத்தில் வரவே வராத தகட்டுக்கும் குடத்துக்கும் போனது. முறுக்கு தனி.

பென்டிரைவில் போட்டு ஆச்சி வீட்டு டிவியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஓட்டினோம். சித்தப்பா கடைசிவரை பார்த்துவிட்டு, “திருடன் யார் என்று சொல்லவில்லையே” என்றார். ஆச்சி குடம் வந்ததும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு டிவிக்குப் பக்கத்தில் போய் நின்று, “என் பெயரை எதற்கு அவள் முகத்தில் போட்டிருக்கிறாய்?” என்று கேட்டாள். நான் போடவில்லை, அது குடத்திலேயே இருக்கிறது என்று சொன்னேன். அவள் நம்பியதுபோல் தெரியவில்லை.

சின்னவள் ஒன்றும் சொல்லவில்லை. எல்லோரும் சாப்பிடப் போனதும் ரிமோட்டை எடுத்து, குடத்துக் காட்சிவரை பின்னால் ஓட்டி நிறுத்தினாள். கழுத்தில் தலைகீழாக நிற்கிற சின்ன முகம், வயிற்றில் நேராக நிற்கிற முகம், நடுவே ஆச்சியின் பெயர்.

“இதற்கு என்ன கணக்கு கொடுத்தீர்கள், ஞாபகம் இருக்கிறதா?” என்றாள்.

“கூட்டு வட்டி. மூன்று வருஷத்துக்கு.”

“இந்த இடத்தில் நான் கணக்குப் போடவில்லை, அக்கா” என்றாள். பிறகு டிவியை அணைத்துவிட்டு இலை போடப் போனாள்.